காலத்தில் கை வைக்காதவர்கள்: வேலூர் மண்ணில் ஒரு கற்பனைச் சபையை உருவாக்குவது எப்படி

காலப்பயணக் கதை எழுத உட்காரும் பலருக்கும் முதலில் தோன்றுவது, போய் எதை மாற்றலாம் என்ற கேள்விதான். நடந்த கொலையைத் தடுப்பது, தோற்ற போரை ஜெயிப்பது, செத்துப்போன அப்பாவைப் பிழைக்கவைப்பது. நான் இங்கே சொல்லப்போவது வேறு மாதிரி ஆட்களைப் பற்றி. எந்தக் காலத்துக்கும் போகத் தெரிந்தவர்கள், என்ன நடக்கும் என்று முன்கூட்டியே அறிந்தவர்கள், ஆனாலும் எதிலும் கை வைப்பதில்லை என்று சத்தியம் செய்துகொண்டு ஒரு சபையாக வாழ்கிறவர்கள். முழுக்கக் கற்பனை. அந்தச் சபையை வேலூர், ஆற்காடு, வாணியம்பாடி என்று நம் வட ஆற்காட்டுப் பக்கத்தில் நிறுத்தி ஒரு நாவலோ தொடரோ எழுத நினைப்பவர்கள் எங்கே தொடங்குவது, எதில் கவனமாக இருப்பது என்று வரிசையாகச் சொல்கிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். கை வைக்காமல் இருப்பது வெறுமனே சும்மா இருப்பதாகத் தெரிந்தால் கதை படுத்துவிடும். அப்படி இருப்பதற்கு உங்கள் பாத்திரம் என்ன விலை கொடுக்கிறது என்பதில்தான் இந்தக் கதையின் உயிர் இருக்கிறது. கீழே வரும் வேலைகள் எல்லாமே அந்த விலையை வாசகர் கண்ணுக்குக் கொண்டுவருவதற்காகத்தான்.

முதல் வேலை: காலம் மாறுமா, மாறாதா?

பெரும்பாலும் மூன்று வழிகள் உண்டு. நடந்தது நடந்ததுதான், யார் போனாலும் அசைக்க முடியாது என்பது ஒன்று. கை வைத்தால் மாறிவிடும் என்பது இரண்டாவது. கை வைத்த இடத்திலிருந்து இன்னொரு உலகம் கிளைவிடும், பழையது அப்படியே இருக்கும் என்பது மூன்றாவது.

முதல் வழியை எடுத்தால் உங்கள் சபைக்கு வேலையே இல்லை. மாற்ற முடியாததை மாற்றமாட்டேன் என்று சத்தியம் செய்து என்ன பயன்? மூன்றாவதில் வலி குறைந்துவிடும். இங்கே செத்தவர் அங்கே பிழைத்திருப்பார் என்ற ஆறுதல் கூடவே வந்துகொண்டிருக்கும். இரண்டாவதை எடுங்கள். ஒரு வார்த்தை சொன்னால் எல்லாம் மாறும், அந்த வார்த்தையைச் சொல்லக்கூடாது.

நம் வாசகர்கள் விதி, ஊழ், தலையெழுத்து எல்லாம் கேட்டு வளர்ந்தவர்கள். அதனால் காலம் மாறக்கூடியது என்பதை ஆரம்பத்திலேயே ஒரு காட்சியில் நிரூபித்துவிடுங்கள். சபையில் ஒருவர் எப்போதோ வாய்விட்டதால் ஒரு தெருவே பிறக்காமல் போனது, அந்தத் தெருவின் பெயர் சபையாருக்கு மட்டும் நினைவிருக்கிறது என்பது போல. அதைச் செய்யாவிட்டால் "எப்படியும் நடக்க வேண்டியதுதானே நடக்கும்" என்று வாசகர் சாய்ந்து உட்கார்ந்துவிடுவார்.

இரண்டாவது: சபைக்கு இந்த ஊர் முகம்

கறுப்பு அங்கி, மெழுகுவத்தி, நிலவறை எல்லாம் வேண்டாம். அவை வேறு ஊர்க் கதைகளில் தேய்ந்துபோனவை. வட ஆற்காட்டில் இதற்கென்றே அமைந்தது போல ஒன்று இருக்கிறது: தெருக்கூத்து ஜமா, அதாவது கூத்தாடும் குழு.

திரௌபதி அம்மன் கோயில் திருவிழா என்றால் பகலில் பாரதப் பிரசங்கம், இரவில் விடிய விடியக் கூத்து. அபிமன்யு சாகப்போவது ஊருக்கே தெரியும். கர்ணன் கவச குண்டலத்தைக் கழற்றிக் கொடுத்துவிடுவான் என்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும். தெரிந்தேதான் பாயும் போர்வையுமாக வந்து உட்காருகிறார்கள், தெரிந்தேதான் அழுகிறார்கள். யாரும் எழுந்துபோய் அபிமன்யுவின் கையைப் பிடித்து நிறுத்துவதில்லை. முடிவு தெரிந்த ஒரு துக்கத்தின் பக்கத்தில் விடியும்வரை உட்கார்ந்திருக்கப் பழகிய ஜனங்கள் இவர்கள். உங்கள் சபையின் தத்துவத்தை விளக்க இதைவிட நல்ல இடம் கிடைக்காது.

அதிலும் கட்டியக்காரனைக் கவனியுங்கள். கூத்தில் முதலில் வருபவன் அவன். ராஜாவுக்குக் கட்டியம் கூறுவான், சேவகனாவான், கூட்டத்தைப் பார்த்துக் கிண்டலடிப்பான், திரௌபதி துயரப்படும்போது பக்கத்திலேயே நிற்பான். எல்லாரிடமும் பேசுகிறான், எல்லாம் அவனுக்குத் தெரியும், கதையின் போக்கை மட்டும் மாற்றமாட்டான். உங்கள் முதன்மைப் பாத்திரத்தை வடிவமைக்கும்போது இவனை மனதில் வையுங்கள். ஒதுங்கி நின்று வேடிக்கை பார்க்கும் ஆளைவிட, நடுவில் நின்று எல்லாரோடும் சிரித்துப் பேசியும் கை வைக்காத ஆள் பல மடங்கு பாவம்.

நடைமுறையிலும் ஜமா வசதியானது. தாம்பூலம் வாங்கிக்கொண்டால் எந்த ஊருக்கும் போகலாம், ஏன் வந்தாய் என்று யாரும் கேட்கமாட்டார்கள். பெட்டியில் எந்தக் காலத்து உடுப்பும் இருக்கலாம். அரிதாரம் பூசிய முகத்தை யாரும் அடையாளம் வைத்துக்கொள்ள முடியாது. பதவிகளும் தயாராக இருக்கின்றன: தலைவர் என்றால் வாத்தியார். புதிதாகச் சேர்ந்த பையன் திரை பிடிக்கிறவன். திரைக்கு முன்னால் கூட்டமும் பின்னால் வேஷக்காரரும் அவனுக்கு மட்டும் ஒரே நேரத்தில் தெரியும். கதையை அவன் கண் வழியாகச் சொல்வது நல்லது, ஏனென்றால் சத்தியத்தின் அர்த்தம் இன்னும் அவனுக்கு முழுதாக உறைக்கவில்லை.

கூத்து ஒத்துவராது என்பவர்கள் சங்கப் பாட்டில் வரும் நாழிகைக் கணக்கரின் வம்சம் என்று வைத்துக்கொள்ளலாம். இன்றைய காலத்துக் கதை என்றால் சவ்வாது மலையில் காவலூர் வானாய்வகம் இருக்கிறது. என்றோ புறப்பட்ட வெளிச்சத்தைப் பார்க்க மட்டுமே முடிகிற இடம். எனக்கு ஜமாதான் பிடிக்கும்.

மூன்றாவது: விதியை ஒரே வரிக்குள் கொண்டுவருவது

"எதிலும் தலையிடக்கூடாது" என்று எழுதினால் அது விதியே இல்லை. ஓரிடத்தில் போய் நின்றாலே தலையீடுதான். மூச்சு விடுவதும், கடையில் ஒரு பிடி பொரி வாங்குவதும் தலையீடுதான். எதைச் செய்யலாம், எதைக் கூடாது என்று வாசகர் தானே சொல்லக்கூடிய அளவுக்கு விதி தெளிவாக இருக்க வேண்டும். அப்போதுதான் பாத்திரம் விளிம்புக்கு வரும்போது அவருக்கு நெஞ்சு அடித்துக்கொள்ளும்.

நான் புதியவர்களுக்குச் சொல்வது இது: "பொருள் கொடுக்கலாம், சேதி கொடுக்கக்கூடாது." அந்தக் காலத்தில் கிடைக்கிற எதையும் கொடுக்கலாம்: தண்ணீர், சோறு, தோள். அந்தக் காலம் அறியாத எதையும் சொல்லக்கூடாது.

இதைச் சோதித்துப் பார்க்க வேலூர்க் கோட்டையே போதும். கண்டியின் கடைசி அரசர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் 1815-இல் ஆங்கிலேயரிடம் பிடிபட்டு, இங்கே சிறைவைக்கப்பட்டு, 1832-இல் இங்கேயே இறந்தார். பாலாற்றங்கரையில் அவர் நினைவாக முத்துமண்டபம் இருக்கிறது. உங்கள் சபை ஆள் ஒருவர் அந்தக் காவலில் பணியாளாக இருப்பதாக வையுங்கள். வெற்றிலை மடித்துக் கொடுக்கலாம், வெயிலுக்கு விசிறலாம். ராஜா ஒருநாள் சாதாரணமாகக் கேட்கிறார்: "நான் திரும்பிப் போவேனா?" போகமாட்டார் என்று ஆளுக்குத் தெரியும். தலையாட்டினாலும் சேதி, ஆட்டாவிட்டாலும் சேதி. விசிறுகிற கை நின்றுபோனாலும் சேதி. விதி சின்னதாக இருந்தால் இப்படிப்பட்ட இடங்கள் தாமாக வந்து சேரும்.

நான்காவது: வலிக்கிற தேதியைத் தேர்ந்தெடுப்பது

இங்கேதான் அதிக நேரம் செலவழிக்க வேண்டும். இந்த மாவட்டத்தில் வலிக்கிற தேதிகளுக்குப் பஞ்சமில்லை.

1806 ஜூலை 10, வியாழக்கிழமை. புதிய தலைப்பாகை, நெற்றிக்குறி கூடாது, தாடி கூடாது என்ற உத்தரவுகளால் கொதித்துக்கிடந்த சிப்பாய்கள் விடியுமுன் கோட்டையில் எழுந்தார்கள். இந்துக்களும் முஸ்லிம்களும் சேர்ந்து. திப்பு சுல்தானின் பிள்ளைகள் அப்போது அங்கேதான் காவலில் இருந்தார்கள். சில மணி நேரம் கோட்டை சிப்பாய்கள் வசம் இருந்தது. காலையில் ஆற்காட்டிலிருந்து கர்னல் கில்லெஸ்பி குதிரைப்படையோடு வந்தார், பீரங்கியால் வாயிலைத் தகர்த்தார்கள், நூற்றுக்கணக்கான சிப்பாய்கள் கொல்லப்பட்டார்கள். புல் விற்க வந்தவனாக உங்கள் ஆள் அன்றிரவு உள்ளே இருக்கிறார். ஆற்காட்டுச் சாலையைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று ஒரே ஒரு வரி சொன்னால் போதும். இதில் ஒரு ஆபத்து உண்டு: கூட்டமும் வெடிச்சத்தமும் எழுதுவது சுலபம் என்பதால் எல்லாரும் சண்டையிலேயே தங்கிவிடுகிறார்கள். முந்தைய நாள் சாயங்காலத்தை எழுதுங்கள். ஒரு சிப்பாய் அந்தத் தலைப்பாகையைக் கையில் வைத்துப் புரட்டிப் புரட்டிப் பார்க்கிறான், உங்கள் ஆள் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார். அது போதும்.

இதைவிடக் கடினமானது, அமெரிக்க மிஷனரி மருத்துவரின் மகளான ஐடா ஸ்கடரின் கதை. திண்டிவனத்தில் பெற்றோரோடு அவர் தங்கியிருந்தபோது, ஒரே இரவில் மூன்று பேர் அடுத்தடுத்து வந்து கதவைத் தட்டினார்கள். மூவரின் மனைவியருக்கும் பிரசவ வேதனை. ஆண் மருத்துவர் பார்க்க அவர்கள் சம்மதிக்கவில்லை, ஐடா அப்போது மருத்துவம் படித்தவரும் இல்லை. விடிந்தபோது மூன்று பெண்களும் இறந்திருந்தார்கள். அந்த இரவுதான் அவரை மருத்துவம் படிக்கவைத்தது. 1900-இல் வேலூரில் ஒற்றைப் படுக்கையோடு தொடங்கியது இன்றைய சி.எம்.சி. மருத்துவமனை. சபை ஆள் அந்தத் தெருவில் நிற்கிறார். நல்ல மருத்துவச்சி ஒருத்தியை அவருக்குத் தெரியும். அழைத்துவந்தால் ஒரு பெண் பிழைப்பாள், பின்னால் வரும் ஆஸ்பத்திரி வராமலே போகலாம்.

இதைக் கூட்டல் கழித்தல் கணக்காக எழுதாதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். மூன்று உயிர் ஒரு பக்கம், லட்சம் உயிர் மறுபக்கம் என்று பாத்திரம் தராசு பிடித்தால், படிக்கிறவருக்கு அந்த மூன்று பெண்களும் எண்களாகிவிடுவார்கள். வீட்டுக்குள்ளிருந்து வரும் முனகலை அவர் கேட்கட்டும். அந்தக் கணவன் திரும்பி நடந்துபோகிற வேகத்தைப் பார்க்கட்டும். நிஜத்தில் இறந்தவர்கள் அவர்கள், அவர்களுக்குப் பெயரோ குணமோ நீங்களாகச் சூட்ட வேண்டாம். கற்பனையெல்லாம் சபைக்காரர்கள் பக்கம் இருக்கட்டும்.

புதியவர்களுக்கு நான் சிபாரிசு செய்வது 1903 நவம்பர் பாலாற்று வெள்ளம். மேலே மைசூர்ப் பக்கத்தில் ஏரிகள் உடைந்து, தண்ணீர் வாணியம்பாடிக்குள் புகுந்து பெரும் உயிர்ச்சேதம் ஆனது. ராஜாவும் கர்னலும் இல்லாத தேதி இது, அதனால் சாதாரண ஜனங்களை வைத்தே எழுதிவிடலாம். மாதிரிக்கு ஒரு துண்டு:

மழை விட்டபாடில்லை. ஜமா ஆற்றோரத் தெருவில் ஒரு திண்ணையில் ஒதுங்கியிருந்தது. வீட்டுக்கார ஆயா கூழ் ஊற்றிக்கொண்டே கேட்டாள்.

"ஏம்பா, நாலு ஊரு சுத்திகினு வரீங்க. ஆத்துல தண்ணி ஏறுமா? புள்ளைங்க உள்ள தூங்குதுங்க."

"தெர்லியே ஆயா," என்றான் திரை பிடிக்கிற பையன்.

"தெரிஞ்சா சொல்லாமயா பூடப்போற," என்று சிரித்தபடி இன்னொரு கரண்டி ஊற்றினாள்.

பையன் கூழைத் தொடவில்லை. வாத்தியார் சட்டியை எடுத்து அவன் கையில் வைத்தார்.

"குட்ச்சிடுடா. ஊத்துனவங்க பாத்துகினு கீறாங்க."

இதில் வெள்ளம் என்ற சொல்லே வரவில்லை, பாருங்கள். வாசகருக்குத் தேதி தெரியும், அது போதும். விதியைக் காப்பாற்றியதால் பையன் பொய்யனாகிவிட்டான், அதுவும் கூழ் ஊற்றியவளிடம். நான் மேலே சொன்ன விலை இதுதான். அடுத்த காட்சிக்கும் வழி இருக்கிறது: கிளம்பும்போது வாத்தியார் நீளமான வடக்கயிறு ஒன்றைத் திண்ணையில் விட்டுவிட்டுப் போகிறார். பொருள்தானே, கொடுக்கலாம். ஆனால் அந்த நேரத்தில் விட்டுவைத்த கயிறு சேதியும் ஆகிறதே? இதை வைத்துச் சபைக்குள் ஒரு பெரிய வழக்கையே நடத்தலாம்.

ஐந்தாவது: கடிகாரமும் பஞ்சாங்கமும்

காலத்தைக் காக்கிறவர்களின் கதையில் நேரம் தப்பாக இருந்தால் எல்லாம் போச்சு.

வேலூருக்கு மேற்கே விரிஞ்சிபுரம் மார்க்கபந்தீஸ்வரர் கோயிலில் நேரம் காட்டும் கல் ஒன்று இருக்கிறது. அரைவட்டமாகச் செதுக்கிய கல்லில் கோடுகளும் எண்களும். மேலே இருக்கும் பள்ளத்தில் ஒரு குச்சியை வைத்தால் நிழல் விழுகிற எண்தான் மணி. மதிலழகுக்குப் பேர்போன அந்தக் கோயிலுக்குப் போகிறவர்கள் இந்தக் கல்லின் முன் சற்று நின்று வாருங்கள். உங்கள் சபை கூடும் இடமாக அதை வைக்கலாம், ஏனென்றால் மனிதர் யாரும் திருகி மாற்ற முடியாத கடிகாரம் அது.

நம் கைக்கடிகாரம் காட்டுவது 82.5 பாகை கிழக்கு நெடுங்கோட்டின் நேரம். விரிஞ்சிபுரம் ஏறக்குறைய 79 பாகையில் இருக்கிறது. பாகைக்கு 4 நிமிடம், ஆக சூரியன் சராசரியாக 14 நிமிடம் பின்தங்கும். வருடம் முழுக்க இது ஒரே அளவாகவும் இருக்காது. பிப்ரவரி நடுவில் வித்தியாசம் 28 நிமிடம் வரை போகும். நவம்பர் தொடக்கத்தில் சூரியனும் கைக்கடிகாரமும் கிட்டத்தட்ட ஒத்துப்போகும். சூரிய நேரத்தைப் பின்பற்றும் சபைக்காரர் எல்லா இடத்துக்கும் கொஞ்சம் தாமதமாக வருவதாக எழுதினால், அதற்கு இப்படி ஒரு காரணம் கையில் இருக்கும்.

இந்திய நேரம் என்று ஒன்று வந்ததே 1906 ஜனவரி 1-இல்தான். அதற்கு முன் ரயில்கள் ஓடியது மதராஸ் நேரத்தில், இன்றைய நேரத்தைவிட ஏறக்குறைய 9 நிமிடம் குறைவு. இரண்டாம் உலகப் போரின்போது 1942-இலிருந்து 1945 வரை கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளிவைத்திருந்தார்கள். 1806-இல் ஒரு கிராமத்தான் "பத்து நிமிஷம் பொறு" என்று சொல்லவே மாட்டான். 24 நிமிடம் ஒரு நாழிகை, 60 நாழிகை ஒரு நாள், அந்தக் கணக்கில் பேசவையுங்கள்.

வருடக் கணக்கில் ஒரு புதையலே இருக்கிறது. நம் 60 வருடச் சுழற்சியில் 1806 ஜூலை அட்சய வருடம், ஆனி மாதக் கடைசி. 1866-இலும் 1926-இலும் 1986-இலும் அதே அட்சய வருடத்து ஆனி வந்தது. பழைய ஏட்டில் "அட்சய ஆனி" என்று மட்டும் எழுதியிருக்க, அதை நம்பிப் புறப்பட்ட பையன் 1866-இல் போய் இறங்குகிறான். கம்பெனி ஆட்சி முடிந்து விக்டோரியா ராணியின் ஆட்சி நடக்கிறது, காட்பாடி வழியாக ரயில் ஓடுகிறது. இப்படி 60 வருடச் சுழற்சி இல்லாத மொழிக்காரர்கள் யோசிக்க முடியாத திருப்பம் இது, யாராவது எழுதினால் மிகவும் மகிழ்வேன்.

ஆறாவது: ஊரைச் சரிபார்ப்பது

இதைச் சுருக்கமாகவே சொல்கிறேன், தவறாமல் செய்யுங்கள். 1806 கதையில் கோட்டைக்குள் ஜலகண்டேஸ்வரருக்குப் பூஜை நடப்பதாக எழுதாதீர்கள். மூலவர் இல்லாமல் நெடுங்காலம் கிடந்த கோயில் அது. சத்துவாச்சாரியில் இருந்த லிங்கம் உள்ளே வந்தது 1981-இல். 1911-க்கு முன் வட ஆற்காடு கலெக்டரை வேலூரில் உட்காரவைக்காதீர்கள், தலைநகர் சித்தூர். அதே காலத்தில் வாணியம்பாடி சேலம் ஜில்லாவில் இருந்தது. தெற்கின் முதல் ரயில் 1856-இல் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை வந்தது. ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் தனி மாவட்டங்களானது 2019-இல்.

பேச்சு நடைக்கும் கொஞ்சம் உழைப்பு வேண்டும். "வந்துகினு", "இன்னாபா", "கீறான்" எல்லாம் இந்தப் பக்கத்துப் பேச்சுதான், ஆனால் எல்லார் வாயிலும் ஒரே அளவில் போடாதீர்கள். வாணியம்பாடி, ஆம்பூர்ப் பக்கம் உருது கலந்து வரும். ஆந்திர எல்லையோரம் தெலுங்கு கலந்து வரும். ஜமா வாத்தியார் மேடையில் செந்தமிழும் திண்ணையில் கொச்சையும் பேசுகிறவர். அந்த மாற்றத்தைக் காட்டினாலே ஆள் எழுந்து நின்றுவிடுவார்.

கடைசியாக: வாசித்துக் காட்டுவது

முதல் அத்தியாயம் முடிந்ததும் திருத்த உட்காராதீர்கள். கூத்துப் பார்த்து வளர்ந்த பெரியவர் ஒருவர் வீட்டிலோ தெருவிலோ இருப்பார், அவருக்கு வாய்விட்டு வாசித்துக் காட்டுங்கள். "நல்லாருக்கு" என்று முடித்துவிட்டால் இன்னும் வேலை இருக்கிறது என்று அர்த்தம். நடுவில் நிறுத்தி, "தெரிஞ்சவன் ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமில்ல?" என்று கேட்டால், அந்த வரியைக் கோடிட்டு வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாவது அத்தியாயத்தில் அதே கேள்வியைத் திரை பிடிக்கிற பையன் வாத்தியாரிடம் கேட்கட்டும். வாத்தியார் என்ன பதில் சொல்வார் என்று உங்களுக்கே தெரியாதபோது எழுத ஆரம்பியுங்கள்.